பதில் பேசாத மேசை

தம்பி வீட்டை விட்டுக் கிளம்பியது ஒரு செவ்வாய்க்கிழமை. அப்பாவை அடக்கம் செய்து முழுதாக ஒரு வாரம்கூட ஆகவில்லை. செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னான்:

"அப்பா உன்னைத் தேடித் தேடிச் செத்தாரு. நீ ஆபீஸ்ல எவனோ பேசுறதைக் கேட்டுட்டிருந்தே. உனக்குக் காது மட்டும்தான்க்கா இருக்கு."

"ரொம்ப வாய் நீளுது. போ, போய்ச் சேர்ந்ததும் போன் பண்ணு."

"கோபம் தணிஞ்சா பண்றேன்."

கப்பல் வேலைக்குப் போனவனுக்கு வருஷக்கணக்கில் கோபம் தணியவில்லை. வீட்டில் போன் இல்லை; ஆபீஸ் நம்பர்தான் அவனிடம் இருந்தது. அக்கா அந்த ஒரு அழைப்புக்காகவே லீவு போடாமல் வேலைக்குப் போனாள்.

அவளுக்குக் காலக் காப்பகத்தில் வேலை. நம் காலத்துக்கு அக்கம்பக்கமாக வேறு காலங்களும் ஓடுகின்றன. இங்கே நடக்காதது அங்கே நடக்கும். அங்கிருந்து கம்பி வழியாக வரும் குரல்களை ஹெட்போனில் கேட்டு, தட்டச்சு செய்து, அலமாரியில் சேர்க்க வேண்டும். கட்டளை ஒன்றுதான்: வாயைத் திறக்கக் கூடாது. குறுக்கே பேசினால் பதிவு கெட்டுவிடும்.

தம்பியின் குரலும் வரும். ஒரு காலத்தில் ஜெயிலிலிருந்து, இன்னொன்றில் கல்யாண வீட்டிலிருந்து. முதலில் ஹெட்போனைக் கழற்றிவைத்துவிட்டு அழுதாள். பழகப் பழகப் பாலும் புளிக்கும். அழுகை எந்த மூலைக்கு?

"உன் தம்பி அங்க மூணாவது கட்டிக்கிட்டாண்டி," என்பாள் பக்கத்து மேசைக்காரி. "இங்க ஒண்ணுக்கே வழியக் காணோம்!"

ஓர் அடைமழை நாளில் அவன் குரல் மறுபடியும் வந்தது.

"அக்கா... ஆஸ்பத்திரில கிடக்கேன். நெஞ்சுல தண்ணி கோத்துக்கிச்சாம். அன்னைக்கு அப்படிப் பேசியிருக்கக் கூடாது. ஏதாவது சொல்லேன்... அக்கா, இருக்கியா?"

அவள் விரல்கள் ஓர் எழுத்தும் பிசகாமல் தட்டின. குரல் நின்றதும் தாளை உருவி, 'வேறு காலம்' என்று முத்திரை குத்தி, அலமாரியில் வைத்துவிட்டுச் சாப்பாட்டு டப்பாவைத் திறந்தாள்.

மறுநாள் பக்கத்து மேசைக்காரி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

"மழையில நேத்தே வாசல் கேட்ல இருக்கிற போன் செத்துப்போச்சாம்டி. வெளியிலேர்ந்து நமக்கு வர்ற போனையெல்லாம் நம்ம ஹெட்போனுக்கே போட்டு விடுறாங்க. என் வீட்டுக்காரர் அரிசி வாங்கிட்டு வரச் சொல்றாரு, நான் பாட்டுக்கு எவனோன்னு டைப் அடிச்சிட்டிருக்கேன்! கேன்டீன்ல நோட்டீஸ் ஒட்டியிருக்கே, பாக்கல?"

அக்கா வீட்டுச் சாப்பாட்டுக்காரி; கேன்டீன் பக்கம் போவதே இல்லை.

அலமாரியைக் கலைத்துப் போட்டுத் தாளை எடுத்தாள். ஆஸ்பத்திரியின் பெயர் அதில் இல்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பான். டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் போய் நின்றாள். "தினம் ஆயிரம் கால் வருதும்மா," என்று கையை விரித்தார்கள்.

நம் தம்பியா, அங்கத்துத் தம்பியா? யாரைக் கேட்பது? அன்றிலிருந்து அவன் குரல் எந்தக் காலத்திலிருந்து வந்தாலும், "சொல்லுடா, இங்கதான் இருக்கேன்," என்றாள். பதிவுகள் கெட்டன. மெமோ வந்தது, சம்பளம் குறைந்தது. அதிகாரி கத்திப் பார்த்து ஓய்ந்தார். ஒரு குரலும் அவளுக்குப் பதில் சொல்லவில்லை.

மூன்றாம் வருஷம், கப்பலில் அவனோடு வேலை பார்த்த சமையல்காரரிடமிருந்து காப்பக முகவரிக்கு ஓர் அட்டை வந்தது.

"அவன் சாமான் பெட்டியில இப்பதான் உங்க அட்ரஸ் கிடைச்சுது. போன்ல பேசின மறுநாளே போயிட்டான். 'அக்கா ஒண்ணும் பேசல, ஆனா டைப் அடிக்கிற சத்தம் கேட்டுச்சு. நான் சொன்னதை எழுதிக்கிட்டா, வந்துருவா'ன்னு சொல்லிட்டே இருந்தான்."