ஒரு தட்டலுக்கு இரண்டு தட்டல்

பேய்க்கதை என்றால் நிவேதிகாவுக்குச் சோறு தண்ணி வேண்டாம். மூதூருக்குப் போகும் பயணிகள் படகுக்கு டிக்கெட் கிழித்துக் கொடுப்பது அவளுடைய வேலை. கிழித்த கையோடு, பயப்படுகிற மாதிரி ஏதும் கதை இருக்கோ என்று கேட்பது அவளுடைய வியாதி. படகு வெளிக்கிடும்வரை ஆட்கள் சும்மாதானே நிற்பார்கள்? சொல்லுவார்கள். சீனன்குடாவில் வெறும் எண்ணெய்த் தாங்கிக்குள் இருந்து இருமுகிறவர், தோப்பூர் வயலில் பத்துப் பேர் அறுவடைக்கு இறங்கினால் பதினோராவதாகக் குனிந்து நிற்கிற பெண் என்று ஏழு வருஷத்தில் பத்தொன்பது கதைகள் சேர்ந்துவிட்டன. இருபது இருந்தால் புத்தகமாகப் போடலாம் என்று கொழும்பில் ஒரு பதிப்பாளர் சொல்லியிருந்தார்.

இருபதாவதைக் கொண்டுவந்தவர் முனீப். கிண்ணியாக்காரர். சிலிண்டரைக் கட்டிக்கொண்டு கடலட்டை பிடிக்க இறங்குகிற சுழியோடி. தண்ணீருக்கடியில் வாய்ப்பேச்சு இல்லையல்லவா, அவர்கள் கத்திப்பிடியால் சிலிண்டரில் தட்டித்தான் கதைப்பார்கள். ஒன்று தட்டினால் ‘எங்கே நிற்கிறாய்?’ இரண்டு தட்டினால் ‘இங்கே.’ மூன்று என்றால் ‘மேலே போகிறேன்.’ துறைமுகத்துக்கு வெளியே மூழ்கிக் கிடக்கும் பழைய சரக்குக் கப்பலுக்குப் பக்கத்தில் நின்று முனீப் ஒன்று தட்டினாராம். கப்பலுக்குள்ளிருந்து இரண்டு வந்ததாம். சோடியாக இறங்கிய இன்பாஸ் உள்ளே போய்விட்டானாக்கும் என்று அவரும் நுழையப் பார்த்து, ஏதோ நினைப்பில் அண்ணாந்தால், இன்பாஸின் கால்கள் மேலே மிதந்த போட்டுக்குள் ஏறிக்கொண்டிருந்தனவாம்.

நிவேதிகா அன்று பின்னேரமே அதை எழுதிவிட்டாள். சந்தோஷம் தாங்காமல் ஃபோனில் வாசித்துப் பதிந்து சிநேகிதி துஷாந்திக்கு அனுப்பினாள். துஷாந்தி இன்னும் நாலு பேருக்கு அனுப்பினாள். விடிந்தபோது கிண்ணியா முழுக்கக் கேட்டிருந்தது.

அங்கேதான் பிழையாகிப்போனது. முனீபின் கூட்டத்தில் ஒரு கட்டுப்பாடு உண்டு. கீழே ஏதும் கண்டவர், கேட்டவர், அதே இடத்தில் மறுபடி இறங்கி ஏறும்வரை அதைக் கரையில் வாய்விடக் கூடாது. விட்டால் அவரோடு எவரும் சோடி சேரமாட்டார்கள். கடலை அறியாத ஒருத்திதானே என்று முனீப் சொல்லியிருந்தார். இப்போது இரண்டு கிழமையாக வீட்டில் இருந்தார்.

அது காதில் விழுந்ததும் நிவேதிகா கிண்ணியாவுக்கு ஓடினாள். முனீபின் மனைவி றுக்கியா தேத்தண்ணி வைத்தார், முகத்தைப் பார்க்கவில்லை. கதையைப் புத்தகத்திலிருந்து எடுத்துவிடுகிறேன் என்றாள் நிவேதிகா.

“புத்தகத்தில வெட்டலாம் தங்கச்சி,” என்றார் றுக்கியா. “ஊர்ட காதில எப்பிடி வெட்டுவீங்க?”

மிச்சமிருந்தது ஒரே வழி. முனீப் அந்தக் கப்பலடியில் திரும்ப இறங்க வேண்டும், அதுவும் தனியாக. கூட்டத்தின் போட்டுக்காரர் ஸுஹைர், அவரும் சுழியோடிதான், சம்மதித்தார். ஆனால் கதையைப் பரப்பினவளும் போட்டில் வந்து குந்தியிருக்க வேண்டும் என்றார்.

சனிக்கிழமை காலை கடல் தகடுபோலக் கிடந்தது. முனீபுக்கு ஏதும் ஆகிவிட்டால் என்ற பயம் நிவேதிகாவுக்கு ஒரு பக்கம். இப்படி ஒரு நாள் தனக்கு வாய்த்ததே என்ற துள்ளல் மறுபக்கம். துள்ளல்தான் கூடுதலாக இருந்தது. அதை மறைக்க அவள் குனிந்தே இருந்தாள்.

முனீப் பின்புறமாகச் சரிந்து விழுந்தார். குமிழிகள் கப்பல் கிடந்த பக்கம் போயின. ஸுஹைர் போட்டின் அடித்தளத்தில் காதை வைத்துப் படுத்து, அவளையும் கைகாட்டிக் கூப்பிட்டார். அவளும் படுத்தாள்.

டொக்.

“எங்க நிக்கிறாய் எண்டு கேக்கிறார்,” என்று ஸுஹைர் குசுகுசுத்தார்.

அவள் மூச்சை அடக்கினாள். அடியில் தண்ணீர் உரசுகிற சத்தம் மட்டும்.

டொக். டொக்.

ஸுஹைர் தலையைத் தூக்கவில்லை. கண்களை மட்டும் அவள் பக்கம் திருப்பினார். எவ்வளவு நேரம் அப்படிக் கிடந்தார்களோ, கடைசியில் மூன்று தட்டல்கள் வந்தன. முனீப் மேலே வந்து வாய்க்குழாயைத் துப்பிவிட்டுச் சிரித்தார்.

“ஒண்டுமில்ல ஸுஹைர் காக்கா. ஒண்டு தட்டிப்போட்டுக் காத்து நிண்டன். சத்தமே இல்ல. பிறகு மூண்டு தட்டிட்டு வந்திட்டன்.”

“ரெண்டு தட்டேல்லயா?”

“தனியப் போனவன் ஆருக்கு ரெண்டு தட்டுற?”

ஸுஹைர் அங்கேயே ஃபோனை எடுத்து இன்பாஸிடம், முனீப் இறங்கி ஏறிவிட்டார், திங்கட்கிழமை சோடி சேரலாம் என்றார். போட்டு கரைக்கு வந்ததும் முனீப் குதித்து, ஈரத்தோடு வீட்டைப் பார்த்து ஓடினார்.

போட்டை இழுத்துக் கட்டியபடி ஸுஹைர் தணிந்த குரலில் சொன்னார்: “கேட்டது நீங்களும் நானும். நான் அடுத்த கிழமை அந்த இடத்தில இறங்கி முடிச்சிருவன். நீங்க இறங்கி ஏறாம வாயத் திறக்க ஏலாது, தெரியும்தானே?”

தெரியும். இருபது கதைகளையும் தூக்கிச் சாப்பிடுகிற கதை அவள் கையில் இருந்தது, எழுத வழியில்லை. றோட்டுவரை போனவள் விறுவிறென்று திரும்பி வந்தாள்.

“ஸுஹைர் நானா, நீந்தவே தெரியாத ஆளுக்குச் சுழியோடப் பழக எத்தனை மாசம் எடுக்கும்?”

ஸுஹைர் அவளை மேலும் கீழும் பார்த்தார்.

“முதல்ல செருப்பக் கழட்டுங்க,” என்றார்.