மைக் அணைந்திருந்தபோது வந்த பாராட்டு

நடந்தவை வரிசையாக:

1. தண்டையார்பேட்டையில் எங்கள் தெருப் பெண்கள், தங்களுக்குக் குர்ஆன் ஓதச் சொல்லித்தரும்படி அம்மாவைக் கேட்டார்கள்.
2. முறையாகக் கற்று, இஜாஸா என்கிற கற்பிக்கும் அனுமதியை வாங்கிய பிறகுதான் என்றார் அம்மா. போன் வழியாக நடக்கும் ஒரு வகுப்பில் சேர்ந்தார்.
3. அங்கே அம்மா ஓதுவதைக் கேட்ட ஆலிமா, அதாவது மார்க்கம் கற்ற ஆசிரியை, மாதக்கணக்கில் ஒரு தடவைகூட அம்மாவைத் திருத்தவில்லை.
4. எனக்குச் சந்தேகம் வந்தது.

ஆலிமா முகம் காட்டாததை நான் குறையாக எடுக்கவில்லை, பர்தா பேணுகிறவர். ஆனால் தொண்டையின் அடியிலிருந்து வர வேண்டிய எழுத்துகள் அம்மாவுக்கு வாயிலேயே நின்றுவிடும். எனக்கே கேட்கிறது. அவருக்குக் கேட்காதா? ஒவ்வொரு பக்கத்துக்கும் அதே குரல், அதே இழுப்பு: "மாஷா அல்லாஹ், நல்லா ஓதுனீங்க. அடுத்த பக்கம்."

எண்ணூரில் ஓர் ஆலையில் அளவுக் கருவிகளைச் சரிபார்ப்பது என் வேலை. அழுத்தம் ஏறினாலும் இறங்கினாலும் முள் அசையாமல் நின்றால், முதலில் மீட்டரைத்தான் கழற்றுவோம். அம்மாவிடம் சொன்னேன்.

"இன்னாடி, மிஷின பாக்குற மாதிரி ஆலிமாவ பாக்குற? கெட்ட எண்ணம் பாவம்."

"நபியோட ஹதீஸ சேகரிச்சவங்க ஊர் ஊராப் போயி, சொன்ன ஆள நம்பலாமான்னு விசாரிச்சாங்களே. அது மட்டும் பாவமில்லியாமா?"

"அவங்களும் நீயும் ஒண்ணா? மொதல்ல ஃபஜ்ரு தொழ விடியகாலையில எழுந்திரு."

ஆனாலும் எங்கள் மார்க்கத்தில் கல்வி அப்படித்தான் வந்து சேர்ந்தது. புத்தகம் கையில் இருந்தால் போதாது. ஆசிரியர் வாயால் கேட்டு, அவர் முன்னால் ஓதிக் காட்ட வேண்டும். அவர் திருத்த வேண்டும். அவரும் இன்னொருவரிடம் அப்படிக் கற்றவர். சனது என்கிற அந்தச் சங்கிலி நபி (ஸல்) அவர்கள் வரை போகும். நடுவில் ஒருவர் கேட்காமலே தலையாட்டினால், பின்னால் வருகிறவர்கள் எல்லோரிடமும் பிழை போய்ச் சேரும். அம்மாவுக்குப் பின்னால் நிற்பவர்கள் எங்கள் தெருப் பெண்கள்.

கடைசிப் பாடத்தன்று அம்மா ஓதத் தொடங்கியதும் நான் கை நீட்டிப் போனின் மைக்கை அணைத்தேன். குர்ஆனில் கண் வைத்திருந்தவர் கவனிக்கவில்லை. ஓதி முடித்தார்.

"மாஷா அல்லாஹ், நல்லா ஓதுனீங்க" என்றது குரல்.

மைக் அணைந்திருந்த திரையைக் காட்டினேன். அம்மாவின் கோபம் முதலில் என் மேல்தான் வந்தது. பிறகு மைக்கைத் திறந்தார்.

"நான் எங்கெங்க தப்பு உட்டேன், சொல்லுங்கம்மா."

"தப்பே இல்லம்மா. இஜாஸா அனுப்பிடுறோம், இன்ஷா அல்லாஹ்."

"நீங்க யார் கிட்ட ஓதுனீங்க?"

இணைப்பு துண்டானது. சிக்னல் போயிருக்கலாம்.

இஜாஸா மறுநாளே போனுக்கு வந்தது. அம்மா அதை யாருக்கும் காட்டவில்லை. இப்போது ராயபுரத்தில் ஓர் ஆலிமா முன்னால் உட்கார்ந்து முதலிலிருந்து ஓதுகிறார். முதல் வரியிலேயே உச்சரிப்பைத் திருத்த நிறுத்தப்பட்டார். அந்த ஆலிமா தன் ஆசிரியரின் பெயரைச் சொன்னார். அதை நான் இன்னும் விசாரித்துக்கொண்டிருக்கிறேன். தெருப் பெண்களுக்கான வகுப்பு தொடங்கவில்லை.