ஏழு தும்மல்

எங்கள் வாத்தியார் சாதாரண நாளில் இரண்டு முறை தும்முவார். வீட்டில் மிளகாய் வறுத்தால் மூன்று. ஏழு முறை தும்மினால் அருவியில் குளித்துவிட்டு வந்திருக்கிறார் என்று பொருள். முப்பத்தொரு வருஷமாக எண்ணிப் பார்த்திருக்கிறேன், ஒரு வருஷமும் தப்பியதில்லை.

அன்று காலை தென்காசியில் நாங்கள் வழக்கமாக உட்காரும் டீக்கடையில் அவர் ஏழு முறை தும்மினார்.

இதில் என்ன இருக்கிறது என்று தோன்றும். நாங்கள் நான்கு பேர். பள்ளிக்கூடத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற வாத்தியார், ஜவுளிக்கடையை மகனிடம் கொடுத்துவிட்ட கடைக்காரர், இன்னும் நெல் போடும் வயல்காரர், வீரகேரளம்புதூர் தாலுகா ஆபீசில் ஓய்வு பெற்ற நான். சாரல் தொடங்கிக் குற்றாலத்தில் தண்ணீர் விழ ஆரம்பித்தால் முதல் குளியலை நான்கு பேரும் சேர்ந்துதான் குளிக்க வேண்டும். ஒருவர் வர முடியாவிட்டால் மற்ற மூவரும் தலையை நனைக்கக் கூடாது. யார் இந்தச் சட்டத்தைப் போட்டது என்று நினைவில்லை. நானாகத்தான் இருக்கும்.

அந்த வருஷம் எனக்குக் கண் ஆபரேஷன். நாற்பது நாள் தலையில் தண்ணீர் படக்கூடாது என்றார் டாக்டர். நான் கருப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு வீட்டில் இருந்தேன். மூவரும் சாயங்காலம் வந்து பார்ப்பார்கள். "தண்ணி எப்படி வே?" என்று கேட்பேன். "வெறும் பாறைதான் தெரியுது" என்பார் வயல்காரர். அவர் தெருவில் நின்று மலையைப் பார்த்து மழை சொல்லுகிறவர். போன வருஷம் இருபத்தாறு முறை சொன்னார், ஒன்பது பலித்தது. ஆனாலும் நம்பினேன். பாறை தெரிகிறது என்று சொல்ல ஜோசியம் வேண்டாமே.

முப்பத்தாறாவது நாள் மெதுவாக நடந்து டீக்கடைக்குப் போனேன். அன்றுதான் அந்தத் தும்மல்.

"என்ன வே, அருவிக்குப் போனீரா?"

"இல்லையே. தூசி."

"சாரல்ல ஏது வே தூசி?"

வாத்தியார் டம்ளருக்குள் பார்த்தார். வயல்காரர் மலையைப் பார்த்தார். கடைக்காரர் என் தோளில் கிடந்த துண்டை இரண்டு விரலால் தேய்த்து, "நல்ல நூலு" என்றார். பேச்சை மாற்ற வேண்டுமென்றால் அவர் கை பக்கத்திலிருக்கும் துணிக்குப் போய்விடும்.

"உம்ம போனை எடும்" என்றேன் அவரிடம். எங்கே போனாலும் படம் எடுக்காமல் வரமாட்டார்.

அவர் தயங்கித் தயங்கிக் காட்டினார். பேரருவிக்கு முன்னால் ஈரத்தலையோடு மூன்று பேர். வாத்தியார் கையில் சோப்பு டப்பா. அருவியில் சோப்புப் போடக்கூடாது என்று போர்டே இருக்கிறது. அவர் ஒரு நாளும் போட்டதில்லை, ஆனால் டப்பா இல்லாமல் வந்ததும் இல்லை. மூன்று பேரும் தோளோடு தோள் ஒட்டி நின்றிருந்தார்கள். நடுவில் ஒரு ஆள் நிற்க இடமில்லை.

"கோவப்படாதேயும் வே" என்றார் கடைக்காரர். "உம்ம வீட்லதான் சொன்னாவ. தண்ணி விழுதுன்னு அவுக காதுல போட்டுராதிய, கண்ணையும் பாக்காம ஓடிருவாவன்னு. நாங்க என்ன செய்ய?"

"சொல்லாம இருக்கணும்னா குளிக்கணுமா?"

"பாக்கத்தான் போனோம்" என்றார் வயல்காரர்.

"பாத்தா?"

"தண்ணி அப்படி விழுது வே. காலு தானா போயிட்டு."

"இன்னும் நாலே நாள்."

"நாலு நாள்ல தண்ணி நின்னுட்டுன்னா?"

முன்பு ஒரு வருஷம் கடைக்காரர் கடை ஏணியிலிருந்து விழுந்து காலில் கட்டுப் போட்டிருந்தார். அவருக்காகப் பத்தொன்பது நாள் காத்திருந்தோம். நாங்கள் போனபோது அருவி குழாய்த் தண்ணீர் மாதிரி வடிந்தது. அதன் கீழே நான்கு பேரும் முறை வைத்துத் தலையை நீட்டினோம். வயல்காரர் தினமும் புலம்பினார், வாத்தியார் இரண்டு முறை சட்டத்தையே மாற்றப் பார்த்தார். இருந்தும் யாரும் தனியாகப் போகவில்லை.

"உம்ம காலுக்குப் பத்தொன்பது நாள் இருந்தோம்" என்றேன்.

கடைக்காரர் அந்தக் காலை பெஞ்சுக்கு அடியில் இழுத்துக்கொண்டார்.

"எவ்வளவு நேரம் நின்னீய?" கேட்காமல் இருக்க முடியவில்லை. அருவிக்குள் நின்றால் இருநூறு வரை சத்தமாக எண்ணுவது என் வேலை. எண்ணி முடித்ததும் நால்வரும் வெளியே வந்துவிட வேண்டும், பின்னால் ஆட்கள் நிற்பார்கள்.

"யாரு எண்ணுனா?" என்றார் வாத்தியார். பிறகு, அவர் எப்போதும் ஒரு வார்த்தை கூடுதலாகப் பேசுகிறவர் ஆகையால், "உண்மையச் சொல்லட்டா? ஒரு தடவையாவது எண்ணாம குளிச்சுப் பாக்கணும்னு ஆசை வே" என்றார்.

டீயைக் குடிக்காமல் எழுந்து வந்துவிட்டேன்.

வீட்டில் என் மனைவியிடம் கேட்டேன். அவள் மறைக்கவில்லை.

"சொல்லாதியன்னுதான் சொன்னேன். குளியுங்கன்னு நானா சொன்னேன்? மூணு பேரும் வரட்டும், வாசல்ல வச்சுக் கேக்கேன்."

அவளுக்கும் கோபம்தான். ஆனால் தண்ணீர் விழத் தொடங்கி ஐந்து நாளாகியிருந்தது. நாளைக்கு நான்கு வேளை சொட்டு மருந்து. இருபது வேளை என் கண்ணை இரண்டு விரலால் விரித்துப் பிடித்துக்கொண்டு, "மலைல மழையே இல்லயாம்" என்று சொல்லியிருக்கிறாள். அதையும் கேட்டேன்.

"ஆமா. கண்ணு நல்லாயிருக்கா இல்லியா?" என்றாள்.

நாற்பத்தொன்றாவது நாள் தனியாகப் போவது என்று முடிவு செய்து துண்டை எடுத்துக்கொண்டு கதவைத் திறந்தேன். வாசலில் மூன்று பேரும் நின்றிருந்தார்கள். என் மனைவிதான் நேரத்தைச் சொல்லியிருக்கிறாள். ஆட்டோவில் இடம் போதாமல் வாத்தியாரின் சோப்பு டப்பா என் விலாவில் குத்திக்கொண்டே வந்தது.

அருவியில் நல்ல தண்ணீர். நான் சட்டையையும் வேட்டியையும் கழற்றித் துண்டைக் கட்டிக்கொண்டேன். அவர்கள் கழற்றவில்லை.

"இன்னைக்கு முதல் தண்ணி உமக்கு மட்டும்" என்றார் வயல்காரர். "நாங்க இங்கன நிக்கோம். எவ்வளவு வேணும்னாலும் எண்ணும்."

இதற்காக மூவரும் கூடிப் பேசியிருப்பார்கள் என்பது முகத்திலேயே தெரிந்தது. எங்களை விட்டுவிட்டு நீர் குளியும், கணக்கு நேராகிவிடும் என்று ஒரு நியாயம். ஆண்பிள்ளைகளால் மட்டும்தான் இப்படி யோசிக்க முடியும். நானும் அப்படித்தான் யோசித்திருப்பேன்.

தண்ணீருக்குள் போனேன். இடது பக்கம் யாரோ வெளியூர்க்காரர், வலது பக்கம் கைப்பிடிக் கம்பி. வழக்கமாக அந்தப் பக்கம் கடைக்காரர் நின்று, பல் கிட்டித்துக்கொண்டே, "குளிரவே இல்ல வே" என்பார். எண்ண ஆரம்பித்தேன். "வேகமா எண்ணாதேயும்" என்று திட்ட ஆளில்லை. எண்பத்து மூன்றோ எண்பத்து நான்கோ என்று ஒரு இடத்தில் குழம்பிவிட்டது. அருவிக்குள் எனக்கு அப்படி ஆனதே இல்லை.

திரும்பிப் பார்த்தேன். உலர்ந்த தலையோடு மூன்று பேர். ஒருவர் கையில் என் வேட்டி, ஒருவர் கையில் என் கருப்புக் கண்ணாடி, ஒருவர் கையில் சோப்பு டப்பா. சாரலில் நனைந்துவிடாமல் என் வேட்டியை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்திருந்தார் கடைக்காரர். கூப்பிடலாமா என்று நினைத்தேன். கூப்பிட்டால் மன்னித்ததாக ஆகிவிடும். வெளியே வந்துவிட்டேன்.

திரும்பி வந்து டீக்கடையில் உட்கார்ந்தோம். கடைக்காரர் என் ஈரத்துண்டைத் தேய்த்துப் பார்த்தார். வயல்காரர் நாளைக்கு மழை என்றார். நான் வாத்தியாரின் மூக்கையே பார்த்துக்கொண்டிருந்தேன். டீ ஆடை படிந்து ஆறிப்போயிற்று.

ஒரு தும்மல்கூட வரவில்லை.