மாமாவின் கடையை அழித்த சனிக்கிழமை

ஆடி பிறந்து வந்த முதல் சனிக்கிழமை அது. முந்தின நாள் இரவு முழுவதும் மலையில் நல்ல மழை. காலையில் குற்றாலம் பேரருவியில் தண்ணீர் பாதுகாப்பு ஆர்ச்சைத் தாண்டி விழுகிறது, ஐந்தருவியிலும் குளிக்கத் தடை போட்டுவிட்டார்கள் என்று பக்கத்து வீட்டு ஆட்டோக்காரர் வந்து சொன்னார். இப்படிப்பட்ட நாட்களைக் குறித்து வைப்பது என் பழக்கம். சாரல் தொடங்கிய நாள், அருவியில் தண்ணீர் விழத் தொடங்கிய நாள், தடை போட்ட நாள், எடுத்த நாள் என்று பல வருடங்களாக எழுதி வருகிறேன். ஆனால் அந்தச் சனிக்கிழமையை எழுதி வைக்காமல் விட்டிருந்தாலும் எனக்கு மறந்திருக்காது.

தென்காசியில் வீடு வைத்திருப்பவர்களுக்குச் சீசன் என்றால் விருந்தாளிகள். எங்கள் வீட்டுக்கு வருடம் தவறாமல் வருகிறவர்கள் இரண்டு பேர். ஒருத்தி சென்னையில் வேலை பார்க்கும் என் தங்கை. இன்னொருவர் சுரண்டையில் பலசரக்குக் கடை வைத்திருக்கும் மாமா, அம்மாவின் தம்பி. துண்டும் எண்ணெய்ப் பாட்டிலுமாக முதல் பஸ்ஸில் வந்து இறங்குவார். அருவியில் தடை என்றால் இருவரும் எங்கள் முன்னறையில் ஈரத்துணி மாதிரி கிடப்பார்கள். ஒவ்வொரு சீசனிலும் இப்படி ஓரிரு நாள் வந்துவிடும்.

அந்த நாட்களுக்காகவே வீட்டில் ஒரு கையடக்க வீடியோ கேம் இருக்கிறது. தங்கை வாங்கியது. சென்னையில் கையிலேயே இருந்தால் வேலை ஓடாது என்று எங்கள் வீட்டு பீரோவில் போட்டுவிட்டுப் போனாள். சீசனுக்கு வரும்போதுதான் எடுப்பாள். அதில் இருப்பது ஒரே ஒரு விளையாட்டு. கையில் தடி பிடித்த ஒரு சின்னப் பெண் கடற்கரையிலிருந்து ஆற்றை ஒட்டி மேல்நோக்கி நடக்கிறாள். வழியெல்லாம் ஊர்கள், ஊருக்கு ஒரு சந்தை, இடையிடையே எதிர்த்து வரும் மிருகங்கள். கடைசியில் ஆறு பிறக்கும் மலையில் ஒரு பெரிய அருவி. அருவிக்குப் பின்னால் ஒரு குகை. குகையில் என்ன இருக்கிறது என்று பார்ப்பதுதான் விளையாட்டு. அதுவரை எங்களில் யாரும் பார்த்ததில்லை.

சண்டை தங்கையின் பொறுப்பு. வழி என் பொறுப்பு. எந்தப் பாலம் உடைந்தது, எந்தச் சாவி எந்தக் கதவுக்கு என்பதெல்லாம் எனக்கு நினைவிருக்கும். சந்தை மாமாவின் பொறுப்பு. இது நாங்கள் திட்டமிட்டதல்ல. முன்பு ஒரு சீசனில், தடை போட்ட நாளில், தங்கைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தவர், "ஏட்டி, அந்த உப்பை இங்கன விக்காத, மேல கொண்டு போ, நல்ல வெல கெடைக்கும்" என்றார். கிடைத்தது. அன்றிலிருந்து சந்தை வந்தாலே விளையாட்டுப் பெட்டி அவர் கைக்குப் போய்விடும். ஆங்கில எழுத்தைப் படிக்க மாட்டார். "எழுத்து எதுக்கு? வெல தெரியுதுல்லா" என்பார். அடுத்த சீசனில் ஆற்றங்கரை ஊரில் ஒரு கடையே வாங்கிப் போட்டுவிட்டார். ஓட்டுக்கூரை, வாசலில் இரண்டு மூட்டை, உள்ளே அலமாரி. அதற்குப் பிறகு பஸ்ஸிலிருந்து இறங்கி வீட்டுக்குள் நுழைந்ததும் அவர் கேட்கும் முதல் கேள்வி, "கடை எப்படிலே இருக்கு?"

இந்தச் சீசனில் வெள்ளிக்கிழமையே வந்துவிட்ட தங்கை, விளையாட்டில் ஒரே மூச்சில் அந்த அருவி வரைக்கும் போய்விட்டாள். அங்கே நின்ற கிழவர் ஒருவர், விளக்கு இல்லாமல் குகைக்குள் போக முடியாது என்றார். பையைத் திறந்து பார்த்தால் விளக்கு இல்லை. இரண்டாவது ஊரில் ஒரு படகோட்டி கொடுத்த பித்தளை விளக்கு, நான் என் கண்ணால் பார்த்தது. எங்கே போனது என்று எங்கள் இருவருக்கும் விளங்கவில்லை.

சனிக்கிழமை காலை மாமா வந்ததும் விளங்கிவிட்டது.

"வெளக்கா? அதை எப்பவோ வித்தாச்சே" என்றார், துண்டை உதறியபடி.

"வித்துட்டியளா?" தங்கை எழுந்து நின்றுவிட்டாள். "அது விக்கிற சாமானா மாமா?"

"பையில சும்மா கெடந்துது. யாரும் எடுக்கவே இல்ல. சரக்கை முடக்கி வச்சா யாவாரம் எப்படி நடக்கும்? நல்ல வெலைக்குக் கேட்டான், குடுத்துட்டேன். அதை வச்சுத்தானட்டி கடையை வாங்குனேன்!"

தங்கை செல்போனில் தேடிப் பார்த்தாள். உலகம் முழுக்க இந்த விளையாட்டை ஆடுகிறவர்கள் எழுதி வைத்திருந்தார்கள். விளக்கு ஒரு முறைதான் கிடைக்கும். விற்றால் வாங்கியவன் படகேறிப் போய்விடுவான், திரும்பி வரமாட்டான். இந்த விளையாட்டில் சேமித்து வைக்க ஒரே ஓர் இடம்தான் உண்டு. ஆகவே பழைய நிலைக்குத் திரும்பவும் வழியில்லை. எல்லாவற்றையும் அழித்துவிட்டுக் கடற்கரையிலிருந்து தொடங்குவதுதான் ஒரே வழி.

"அழிச்சிருவோம்" என்றாள் தங்கை.

"என்னத்தை?"

"எல்லாத்தையும்தான்."

"என் கடையையுமா?"

"கடையும் அதுக்குள்ளதான மாமா இருக்கு."

மாமா வாசலுக்குப் போய் நின்றார். தெருவில் சாரல் பொடிப்பொடியாக விழுந்துகொண்டிருந்தது. ஞாயிற்றுக்கிழமை சாயங்கால ரயிலில் தங்கை போக வேண்டும். அவளுக்கு வருடத்தில் ஒரு முறைதான் இப்படி லீவு கிடைக்கும். "வருசம் பூரா ஆபீஸ்ல உக்காந்து அந்தக் குகைக்குள்ள என்ன இருக்கும்னு நெனச்சிட்டே இருந்தேண்ணே" என்று என்னிடம் தணிந்த குரலில் சொன்னாள். பெட்டி அவளுடையது. கேட்காமலே அழித்திருக்கலாம். ஆனால் அடுத்தவர் சம்பாதித்ததை அவர் சம்மதமில்லாமல் தொடக்கூடாது என்பது ஆரம்பத்திலிருந்தே எங்களுக்குள் இருந்த ஏற்பாடு.

நான் உள்ளுக்குள் மாமா பக்கம். எதையும் அழிக்க எனக்கு மனசு வராது. இத்தனை சீசன்களின் உழைப்பு அதற்குள் இருக்கிறது என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் மாமா திரும்பினார்.

"ஏட்டி, முதல்ல இருந்து ஆரம்பிச்சா, உப்பு வெல அப்பவும் அதே வெலதானா?"

"அதே வெலதான் மாமா."

"மேல உள்ள ஊருல கம்பளி?"

"எல்லாம் அதேதான். ஒண்ணும் மாறாது."

"அப்போ எந்த ஊருல எது எறங்கும், எது ஏறும்னு நமக்குத் தெரியும். அங்கன யாவாரம் பண்ணுதவனுக்குத் தெரியாது."

"ஆமா."

மாமாவின் முகம் மாறியதை நான் பார்த்தேன். வாழ்நாள் முழுவதும் நாளைய விலை தெரியாமல் மிளகாய் வற்றலும் புளியும் வாங்கிப் போட்ட மனிதர். கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு சப்பணம் போட்டு உட்கார்ந்தார்.

"இதை முன்னாடியே சொல்லக்கூடாதா? அழிட்டி, அழி! அந்தக் கடை என்ன கடை, முக்குல கெடக்கு. இந்தத் தடவை படகுத்துறையிலயே போடுவோம்."

இப்போது தாமதப்படுத்தியவன் நான்தான். கோயிலைப் பிரித்துப் புதிதாகக் கட்டும்போது, சுவரிலிருந்த கல்வெட்டுகளை முதலில் படியெடுத்துக்கொள்ளச் சொன்ன அரசர்கள் உண்டு என்று படித்திருக்கிறேன். அவர்கள் மேல் எனக்குப் பெரிய மரியாதை. ஆகவே செல்போனை எடுத்து ஒவ்வொரு திரையாகப் படம் பிடிக்க ஆரம்பித்தேன். வரைபடம், பை, சாவிகள், கடையின் முன்பக்கம், கடையின் உள்பக்கம்.

"ஏலே, நீ என்ன ரிஜிஸ்தர் ஆபீசா நடத்துத?" என்றார் மாமா. "போதும், தள்ளு."

"அலமாரி மட்டும் மாமா. படத்துல வெளிச்சம் அடிச்சிட்டு."

"அண்ணே, சாயங்காலம் ஆயிரும்!"

அழிப்பதற்கு அந்த விளையாட்டில் ஒரு முறை உண்டு. தொடக்கத் திரையில் இடது ஓரத்துப் பொத்தானையும் வலது ஓரத்துப் பொத்தானையும் சேர்த்து அழுத்திப் பிடிக்க வேண்டும். கைத்தவறுதலாக நடந்துவிடக் கூடாது என்பதற்காக அப்படி வைத்திருக்கிறார்கள். இடது பக்கம் தங்கை பிடித்தாள். வலது பக்கம் மாமா தன் கட்டைவிரலை வைத்தார். எல்லாம் போய்விடும், சரிதானா என்று திரை கேட்டது. சரி என்றார்கள். உறுதியாகவா என்று மறுபடி கேட்டது.

"எத்தனை தடவைட்டி கேப்பான்? பத்திரம் முடிக்கவா வந்திருக்கோம்?" என்று மாமா சிரித்தார். ஆனால் விரலை இன்னும் அழுத்திப் பிடித்தார்.

திரை கறுத்தது. எனக்கு வருத்தம் வரும் என்று காத்திருந்தேன். வரவில்லை. அலைச் சத்தம் கேட்டது, மெல்ல வெளிச்சம் பரவியது, வெறும் பையோடு அந்தச் சின்னப் பெண் மணலில் நின்றாள். படிக்காத புத்தகத்தின் உறையைப் பிரிக்கும்போது வருகிற படபடப்புதான் வந்தது. அதுவும் இது நாங்கள் அறிந்த நாடு. எந்தப் புதருக்குள் பாம்பு, எந்தப் பாறைக்கு அடியில் காசு என்று எல்லாம் தெரியும்.

அதற்குப் பிறகு நடந்தது ஓட்டம். "இடது, இடது, பாலம் வேண்டாம், தண்ணியில இறங்கு" என்று நான் சொல்லச் சொல்ல, தங்கை பறந்தாள். சந்தை வந்ததும் பெட்டி மாமா கைக்குத் தாவும். உப்பு வாங்கினார், மேலே கொண்டுபோய் விற்றார். கம்பளி வாங்கினார், கீழே இறக்கினார். போன முறை ஒரு சீசன் முழுக்கச் சேர்த்து வாங்கிய வாளை மதியச் சோற்றுக்கு முன்பே வாங்கிவிட்டோம். படகோட்டி விளக்கைக் கொடுத்தபோது நானும் தங்கையும் ஒரே நேரத்தில் மாமாவைத் திரும்பிப் பார்த்தோம்.

"என்ன அப்படிப் பாக்குதிய? விக்க மாட்டேன்!" என்றார். சற்று நேரம் கழித்து, "வெல மட்டும் கேட்டுப் பாக்கட்டா?" என்றார்.

"கையை எடுங்க மாமா!"

படகுத்துறையில் கடையும் போட்டார். பழையதைவிடப் பெரிய கடை. சாப்பாட்டுத் தட்டோடு வந்த என் மனைவி எங்கள் மூன்று பேரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, "சின்னப் புள்ளைகள் கூட இப்படிக் கத்தாது" என்றாள். வந்தவள் போகவில்லை, கதவு நிலையில் சாய்ந்துகொண்டு, "அந்த ஓநாய் பின்னால வருது பாருங்க" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை காலை, இட்லி ஆறிக் கிடக்க, விளையாட்டில் அருவியை எட்டினோம். அப்போது மனைவி செல்போனோடு ஓடிவந்தாள்.

"அஞ்சருவில குளிக்க விடுதாங்களாம்! ஆட்டோ வாசல்ல நிக்குது, கெளம்புங்க!"

ஒருவரும் அசையவில்லை. குளிப்பதற்கென்றே பஸ் ஏறி வந்த மாமா தலையைக்கூடத் தூக்காமல், "அருவி எங்கயும் ஓடிப் போயிராது. செத்த நேரம் நிக்கச் சொல்லு" என்றார். ஆட்டோக்காரரே செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு உள்ளே வந்து எட்டிப் பார்த்தார்.

பையில் விளக்கு இருந்தது. கிழவர் வழிவிட்டு ஒதுங்கினார். எதிரே அருவி வெள்ளையாக, திரை முழுக்க இரைந்து விழுந்தது. தங்கையின் விரல் நகரவில்லை.

"என்னட்டி நிக்க? போ."

"இம்புட்டுத் தண்ணி விழுது மாமா. எப்படிப் போக?"

எல்லோரும் அதைத் தீவிரமாக யோசித்தோம். இவ்வளவு தண்ணீர் விழும்போது குற்றாலத்துப் பக்கத்துக்காரர்கள் யாரும் அதற்குள் கால் வைக்க மாட்டார்கள்.

"கொஞ்சம் கொறையட்டும். ராத்திரிக்குள்ள வடிஞ்சிரும்" என்றார் ஆட்டோக்காரர்.

"ஓரமாப் போயி பாறையைப் பிடிச்சுக்கிட்டு நுழை. நடுவுல போனா தலையில அடிக்கும்" என்றார் மாமா.

ஓரமாகப் போனாள், வழியில்லை. மறுபக்க ஓரத்துக்குப் போனாள், அங்கும் இல்லை. தண்ணீர் குறையுமா என்று சிறிது நேரம் உண்மையாகவே காத்திருந்தோம். கடைசியில் அவள், "எது வந்தாலும் சரி" என்று நேரே நடுவில் புகுந்தாள். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டேன். அந்தச் சின்னப் பெண் ஒரு சொட்டுக்கூட நனையாமல் உள்ளே போய் நின்றாள்.

விளக்கு எரிந்தது. குகை நிறையக் கல்லாலான ஒரு மிருகம் படுத்திருந்து எழுந்தது. தங்கை முதல் முறை தோற்றாள். அடுத்த முறையும் தோற்றாள். அதற்கடுத்த முறை மாமா வாங்கிச் சேர்த்து வைத்திருந்த மருந்தையெல்லாம் தின்று தீர்த்து, கடைசிச் சொட்டு உயிரில் நின்று, அடித்து விழுத்தினாள். அவள் போட்ட கூச்சலில் எதிர்வீட்டுக்காரர்கள் வெளியே வந்தார்கள். மாமா என்னைக் கட்டிப் பிடித்துக்கொண்டார். குகைச் சுவரில் ஒரு கல் விலகியது, பின்னால் ஒரு திறப்பு. அந்தப் பெண் விளக்கை ஊதி அணைத்துவிட்டு வெளியே வந்தாள். மலையின் மறுபக்கம். பச்சைப் பள்ளத்தாக்கு, மரங்கள், தூரத்தில் ஒரு தண்ணீர்க்கோடு. அவள் அதைப் பார்த்தபடி உட்கார்ந்தாள். அவ்வளவுதான், விளையாட்டை உருவாக்கியவர்களின் பெயர்கள் திரையில் ஓடத் தொடங்கின.

தங்கை கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "இதுதானா உள்ள இருந்தது" என்றாள். ஏமாற்றமில்லை, அப்படி ஒரு சந்தோஷம்.

"எனக்கு அப்பவே தெரியும்" என்றார் மாமா. "மலைக்கு அந்தப் பக்கம்னா வேற என்ன? புளியறை தாண்டி கேரளாதான்."

"அது கடல் மாமா."

"கடலா? காயல்ட்டி அது. தென்னை நின்னுதே, பாக்கலயா?"

ஆட்டோவில் ஐந்தருவி வரைக்கும் இதே பேச்சு. தென்னை இல்லை, ஊசியிலை மரம் என்று நான் சொன்னதை யாரும் காதில் வாங்கவில்லை. தலையில் எண்ணெய் தேய்க்கும்போதும் பேசினார்கள். பிறகு ஆண்கள் பக்கம், பெண்கள் பக்கம் என்று பிரிந்தோம். மாமா அருவிக்குள் தலையைக் கொடுத்தபடி என் பக்கம் திரும்பி, கையை ஆட்டி ஆட்டி ஏதோ விளக்கினார். தண்ணீர் இரைச்சலில் ஒரு சொல்லும் கேட்கவில்லை. நானும் தலையை ஆட்டி ஆட்டி, தென்னை இல்லை, இல்லை என்று கத்தினேன்.