சிவப்புக் கொடி பறந்த நாளில் நெல்சி குமுல்

நெல்சி குமுல் எங்கள் வண்டியின் கடைசி இருக்கையில் ஒன்பது வருஷம் உட்கார்ந்து வந்தாள். ஓட்டுவது நான். முன்னால் மைக்கைப் பிடித்துக்கொண்டு வழிகாட்டி நிற்பார். நெல்சியைச் சுற்றிச் சாப்பாட்டுப் பெட்டிகளும் நீச்சல் கண்ணாடிகளும் மிதவைச் சட்டைகளும் குவிந்திருக்கும். காலையில் துலூமின் பழைய மாயா கோயில்கள், அது முடிந்ததும் கடலில் பவளப்பாறை, பிற்பகலில் காட்டுக்குள் ஒரு செனோட்டே. பாறை இடிந்து, மண்ணுக்கடியில் ஓடும் தண்ணீர் வாய் திறந்து நிற்கிற இடத்துக்கு எங்கள் பக்கத்தில் அதுதான் பெயர். இந்த மூன்றையும் ஒரே நாளில் காட்டிப் பயணிகளைப் பொழுது சாய்வதற்குள் விடுதியில் கொண்டுபோய் விடுவது எங்கள் முதலாளி ஹுவென்சியோவின் தொழில்.

நெல்சியின் வேலை, சாப்பாடு கொடுப்பதும் பயணிகள் வாயில் வைத்துத் துப்பிய மூச்சுக்குழாய்களைக் கழுவிக் காயவைப்பதும். பேசுவது அவள் வேலையில் சேர்ந்ததல்ல. ஆனால் ஒரே பேச்சை ஒன்பது வருஷம் கேட்டால் கல்லுக்கும் ஆங்கிலம் வந்துவிடும். அவளுக்கு ஐந்தே வருஷத்தில் வந்துவிட்டது.

அப்போதிருந்த வழிகாட்டி நல்ல குரல்காரர். தலைநகரிலிருந்து வந்தவர். ஒவ்வொரு நாளும் கோயில் வாசலில் நின்று, குரலைத் தாழ்த்தி, "ஒரு நாள் மாயர்கள் மர்மமாக மறைந்து போனார்கள்" என்று சொல்லுவார். பயணிகள் மூச்சை இழுத்துக்கொள்வார்கள். நெல்சி என்னைப் பார்ப்பாள். நான் அவளைப் பார்ப்பேன். எங்கள் இருவருக்கும் வீட்டில் மாயா மொழிதான். என் அம்மா சாகும்வரை ஸ்பானிய மொழியில் பத்து வார்த்தைக்கு மேல் பேசியதில்லை.

ஒரு பிப்ரவரி மாதம். கனடாவிலிருந்து வந்த ஒரு பெண் விடாமல் கேட்டாள். "மறைஞ்சு எங்க போனாங்க?"

"அது யாருக்குமே தெரியாது" என்றார் வழிகாட்டி.

"சாப்பாடு கட்டப் போயிருந்தோம்மா" என்று பின்னாலிருந்து ஒரு குரல் ஆங்கிலத்தில் வந்தது. நெல்சி இரண்டு பெட்டிகளைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றாள். "கோழியா, பன்னியா? உனக்கு எது வேணும்?"

கூட்டம் சிரித்த சிரிப்பில் சுவர்மேல் வெயில் காய்ந்துகொண்டிருந்த உடும்புகள் ஓடின. வழிகாட்டி மட்டும் சிரிக்கவில்லை. அன்று சாயங்காலமே முதலாளியிடம் போய் நின்றார். ஹுவென்சியோ அவளைக் கூப்பிட்டு அனுப்பினார். நானும் சாவியைக் கொடுக்கிற சாக்கில் உள்ளே போனேன்.

"உன்னை நான் எதுக்கு வச்சிருக்கேன் நெல்சி? பேசவா?"

"முதலாளி, வழிகாட்டி ஆகணும்னா என்ன பண்ணணும்?"

ஹுவென்சியோ கெட்ட மனுஷர் அல்ல. ஆனாலும் சிரித்துவிட்டார். "முதல்ல உயர்நிலைப்பள்ளி முடிக்கணும். நீ எதுவரைக்கும் படிச்சே?"

"ஆறாவது."

"சரிதான். அப்புறம் அரசாங்கப் பரிட்சை. அப்புறம் கடல்ல இருநூறு மீட்டர் நீஞ்சிக் காட்டணும். உனக்கு நீச்சல் தெரியுமா?"

"தெரியாது."

"அப்ப போய்க் கண்ணாடியைக் கழுவு தாயே."

அவள் போய்க் கழுவினாள். அந்தச் சனிக்கிழமையே பெரியவர்களுக்கான பள்ளியில் பெயரையும் கொடுத்தாள். அப்போது அவளுக்கு முப்பத்துநான்கு வயது. புருஷன் வில்பெர்ட் கொத்தனார். பிள்ளைகள் இருவர். இரவு சமையல் முடிந்தபின் தொங்குதொட்டிலில் படுத்துக்கொண்டு கணக்குப் போடுவாளாம். "எம் பொண்டாட்டி தூக்கத்துல அல்ஜீப்ரா பேசுறா, ருசேல். நான் பக்கத்துல படுக்கவே பயப்படுறேன்" என்று வில்பெர்ட் என்னிடம் வந்து புலம்பினான்.

தண்ணீருக்குப் பக்கத்தில் பிறந்தவளுக்கு நீச்சல் தெரியாதா என்று கேட்காதீர்கள். எங்கள் ஊர்களில் செனோட்டே குடிதண்ணீருக்கானது. அதன் ஆழத்தில் இருப்பவரைத் தொந்தரவு செய்யக்கூடாது என்று சொல்லித்தான் பெண்பிள்ளைகளை வளர்ப்பார்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் அவளைக் கடலுக்குக் கூட்டிப்போய் இடுப்பில் ஒரு கயிற்றைக் கட்டி மறுமுனையைக் கரையில் நான் பிடித்துக்கொண்டேன். முதல் மாதம் முழுக்க அவள் நீந்தவில்லை. கெட்ட வார்த்தையில் தண்ணீரைத் திட்டினாள்.

"அண்ணே, கயித்தை விட்டுடாதீங்க!"

"விடல."

"விட்டீங்கன்னா பேயா வந்து உங்க வண்டியிலதான் உக்காருவேன்!"

"இப்பவும் அங்கதானே உக்காந்திருக்கே!"

அரசாங்கப் பரிட்சையில் முதல் தடவை தோற்றாள். மன்னர்களின் வருஷங்களை மாற்றிச் சொல்லிவிட்டாள். இரண்டாம் தடவை பரிட்சை நடத்திய மூவரும் அவளை அரைமணி நேரத்துக்குப் பதில் ஒன்றேகால் மணி நேரம் உட்கார வைத்துக் கதை கேட்டார்கள். கடலில் இருநூறு மீட்டர் கேட்டதற்கு, எங்கே நிறுத்துவது என்று தெரியாமல் முந்நூறு நீந்தினாள். படம் ஒட்டிய அடையாள அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு அவள் அலுவலகத்துக்குள் நுழைந்தபோது ஹுவென்சியோ எழுந்து நின்றார். தெரியாமல் எழுந்துவிட்டவர் போலச் சட்டென்று உட்கார்ந்தும் கொண்டார். மைக்கை மட்டும் அவளிடம் தரவில்லை. "பாக்கலாம், பாக்கலாம்" என்று ஏழு மாதம் ஓட்டினார்.

ஜனவரியில் பழைய வழிகாட்டி பெரிய விடுதி ஒன்றில் வேலை கிடைத்துப் போனார். மறுநாள் பயணத்துக்குப் பதினாறு பேர் பதிந்திருந்தார்கள். வேறு ஆள் இல்லை.

"நெல்சி, நாளைக்கு நீ போ. ஒரே ஒரு புகார் வந்தாலும் பழைய இடத்துக்குத்தான்."

துலூமில் அன்று காலை அவள் பேசியதை நான் வாசலில் நின்று கேட்டேன். வழக்கமாக நான் வண்டியிலேயே தூங்கிவிடுகிறவன். ஒரு சின்னக் கோயிலின் வாசல்மேல் தலைகீழாக இறங்கி வருகிற உருவத்தைக் காட்டி, "இதைச் சில பேர் சூரியன்பாங்க, சில பேர் மழைம்பாங்க. எங்க வீட்டுல கொடுக்கில்லாத தேனீ வளக்கிறோம். அது கூட்டுக்குள்ள இறங்கறப்ப இப்படித்தான் இறங்கும். நான் தேனீன்னுதான் சொல்லுவேன், நீங்க வேணா சண்டைக்கு வாங்க" என்றாள். ராஜாக்கள் போன பிறகும் எங்கள் ஜனங்கள் இங்கே வந்து மெழுகுவத்தி ஏற்றிக் கும்பிட்டதைச் சொன்னாள். கேள்விமேல் கேள்வியாக வந்தது. பக்கத்துக் குழுவிலிருந்து நாலு பேர் நழுவி இந்தப் பக்கம் வந்து நின்றார்கள்.

அதற்குள் காற்று திரும்பிவிட்டது. வடகாற்று. கோயில்மேட்டிலிருந்து பார்த்தபோதே கடல் வெள்ளையாக நுரைத்தது. படகுத்துறைக்குப் போய்ச் சேர்ந்தால் கம்பத்தில் சிவப்புக் கொடி. துறைமுகம் மூடியாகிவிட்டது, சாயங்காலம் வரை ஒரு படகும் போகாது என்று காவலர் சொன்னார்.

மொன்டெர்ரேயிலிருந்து வந்த பொறியாளர் ஒருவர் வண்டியிலிருந்து முதலில் இறங்கினார். நல்ல உயரம். வயிறு அவருக்கு ஒரு முழம் முன்னால் நடந்தது.

"என் சம்சாரம் ஆமை பாக்கணும்னு ரெண்டாயிரம் கிலோமீட்டர் வந்திருக்கா. நீங்க கொடியைக் காட்டுறீங்க!"

"ஐயா, காத்து என் பேச்சைக் கேக்காது."

"அப்ப பணத்தைத் திருப்பிக் குடுங்க. எல்லாருக்கும்!"

பின்னால் ஆறேழு தலைகள் ஆடின. நெல்சி சற்றுத் தள்ளிப் போய் முதலாளிக்கு ஃபோன் போட்டாள். அவர் கத்தியது எனக்கே கேட்டது. வழக்கமான செனோட்டேவுக்குப் பிற்பகல் மூன்று மணிக்குத்தான் அனுமதி. அதுவரை கூட்டத்தை எங்கே வைத்துக்கொள்வது? எல்லோரையும் விடுதிக்குத் திருப்பிக் கொண்டுவா என்றார்.

அவள் ஃபோனை மூடிவிட்டுக் கொஞ்ச நேரம் கடலைப் பார்த்தாள். பிறகு இன்னொரு எண்ணை அழுத்தி மாயா மொழியில் பேசினாள். அழைப்பு போனது அவள் ஊருக்கு. எடுத்தவர் அவளுடைய தாய்மாமன் கசிமிரோ, ஊர்ப் பொதுநிலத்துக்குத் தலைவர். மூன்று வருஷத்துக்கு முன் அந்த ஊர்க்காரர்கள் தங்கள் செனோட்டேவுக்கு மரப்படி கட்டி, மேடை போட்டு, குளியலறையும் கட்டிவிட்டுப் பயணிகளுக்காகக் காத்திருந்தார்கள். ஒருவரும் வரவில்லை. சாலை மோசம் என்று எல்லா முதலாளிகளும் ஒதுக்கிவிட்டார்கள். ஹுவென்சியோவும்தான்.

"மாமா, பதினாறு பேரு கூட்டிட்டு வரேன்."

"என்னைக்கு?"

"இன்னைக்கு. முக்கால் மணி நேரத்துல."

கசிமிரோவின் குரல் என் காது வரை வந்தது. "படியெல்லாம் ஒரே சருகு புள்ள!"

"கூட்டுங்க மாமா! அத்தைங்க எல்லாரையும் கூப்பிட்டு அடுப்பைப் பத்த வைக்கச் சொல்லுங்க!"

அவள் வண்டிக்குள் ஏறி மைக்கை எடுத்தாள். "கடல் இன்னைக்கு லீவு. எங்க ஊருத் தண்ணி லீவு எடுக்காது. இதுவரைக்கும் எந்தச் சுற்றுலா வண்டியும் போகாத இடம். வேணாங்கறவங்களை விடுதியில விட்டுடறேன், பணமும் கேட்டு வாங்கித் தரேன். வரேங்கறவங்க கை தூக்குங்க."

பதினைந்து கைகள் உயர்ந்தன. பதினாறாவது பொறியாளருடையது. அவருடைய சம்சாரம் அந்தக் கையை மணிக்கட்டில் பிடித்து மேலே தூக்கிவிட்டாள்.

கடைசி எட்டு கிலோமீட்டரில் நான் என் வாழ்க்கையில் பார்க்காத பள்ளங்களையெல்லாம் பார்த்தேன். "இது ரோடா, சந்திரனா?" என்று பொறியாளர் கேட்டார். "சந்திரன்ல இவ்வளவு மரம் இருக்காது ஐயா" என்றேன். வண்டி ஊருக்குள் நுழைந்தபோது கசிமிரோ துவைத்த வெள்ளைச் சட்டையைப் போட்டுக்கொண்டு நடுத்தெருவில் நின்றார். சட்டை இன்னும் ஈரமாக இருந்தது.

எல்லோரையும் குளிக்கவைத்து, தண்ணீர் கெடாமலிருக்க, வெயிலுக்குப் பூசியிருந்த களிம்பு போகும்வரை தேய்க்கவைத்து, மிதவைச் சட்டையின் வார்களை ஒவ்வொன்றாக இழுத்துப் பார்த்து நெல்சி கீழே இறக்கினாள். அறுபத்திரண்டு படிகள். ஆலமரத்து வேர்கள் கூரைப் பாறையைத் துளைத்துக்கொண்டு தண்ணீர் வரை தொங்கின. மேலே இருந்த துளை வழியாக ஒரே கற்றையாக வெயில் இறங்கித் தண்ணீரின் அடிவரை போயிருந்தது. எல்லோரும் அண்ணாந்து பார்த்தார்கள். பொறியாளர்கூடத் தொப்பியைக் கழற்றினார்.

முதலில் நெல்சி இறங்கினாள். கயிறு இல்லை. நான் கரையில் நின்று பழக்கத்தில் கையை மூடி மூடித் திறந்தேன். அவள் நடுவில் போய் மல்லாந்து மிதந்துகொண்டு, "வாங்க, குளிரு ஒரு நிமிஷம்தான்!" என்றாள். ஒருவர் பின் ஒருவராக இறங்கினார்கள். கண்ணாடி மாட்டிய முகங்களை அவள் வரிசையாக நகர்த்திக்கொண்டு போய், சுண்ணாம்புத் தூண்கள் தண்ணீருக்குள்ளேயே தொங்குகிற இடத்தைக் காட்டினாள். கண்ணாடி போட்டுப் பார்த்தால் அங்கே தண்ணீர் இருப்பதே தெரியாது. ஆகாயத்தில் மிதக்கிற மாதிரி இருக்கும்.

திடீரென்று பொறியாளரின் சம்சாரம் மூச்சுக்குழாயைப் பிடுங்கி எறிந்துவிட்டுக் கத்தினாள். நான் பயந்துபோய்ச் செருப்போடு தண்ணீருக்குள் கால் வைத்துவிட்டேன்.

"ஆமை! இதோ, ஆமை!"

கழுத்தில் மஞ்சள் கோடு போட்ட நன்னீர் ஆமை, ஒரு சோற்றுத் தட்டு அகலம் இருக்கும், வெயில் கற்றைக்குள் நிதானமாகத் துடுப்புப் போட்டு வந்தது. ஒன்றல்ல, மூன்று. ஒன்று பொறியாளரின் வயிற்றுக்கு நேர்கீழே நின்று அவரை அண்ணாந்து பார்த்தது. அவர் மூச்சுக்கூட விடாமல் கிடந்தார். பிறகு தலையை வெளியே எடுத்து, சிறு பையன் மாதிரி, "அது என்னைப் பாத்துச்சு" என்றார். "என்னைத்தான் பாத்துச்சு."

"இதையும் நீங்கதான் சொல்லி வச்சீங்களா?" என்று அவர் சம்சாரம் நெல்சியிடம் கேட்டாள்.

"அது என்கிட்ட சம்பளம் வாங்கலம்மா. தானா வந்தது."

மேலே ஏறி வந்தால் ஊரே அடுப்படியில் நின்றது. சோள அடைகள் தோசைக்கல்லில் உப்பிக்கொண்டிருந்தன. யாரோ தன் வீட்டுக் கல்யாணத்துக்கு என்று மண்ணில் புதைத்து வேகவைத்த பன்றிக்கறியிலிருந்து பாதியைத் தூக்கிக் கொடுத்திருந்தார்கள். "கல்யாணம் நாளைக்குத்தானே, இன்னொரு பன்னி இருக்கு" என்று அந்தக் கல்யாண வீட்டு அம்மாள் சொன்னாள். பொறியாளர் பச்சை மிளகாய்ச் சட்னியை எச்சரிக்கை மீறித் தின்று, அழுது, மறுபடி கேட்டார். கண்ணாடிகளையும் மூச்சுக்குழாய்களையும் கழுவ நெல்சி எழுந்தபோது அவர் சம்சாரம் அவளைத் தோளைப் பிடித்து உட்கார வைத்துவிட்டுத் தானே வாளிக்கருகில் குந்திவிட்டாள். இன்னும் மூன்று பேர் கூடச் சேர்ந்துகொண்டார்கள்.

மூன்று மணிக்குப் போக வேண்டிய மற்ற செனோட்டேவை ஒருவரும் நினைவுபடுத்தவில்லை. ஊரை விட்டு வண்டி கிளம்பியபோது பிள்ளைகள் முதல் பள்ளம் வரை ஓடி வந்தார்கள்.

விடுதி வாசலில் ஹுவென்சியோ காத்திருந்தார். கையில் பணத்தைத் திருப்பித் தருவதற்கான படிவங்கள். பதினாறு பேரும் இறங்கி, ஒவ்வொருவராக அவரிடம் வந்து கைகுலுக்கினார்கள். பொறியாளர் கடைசியாக வந்தார். "ஐயா, முப்பது வருஷமா நான் ஊர் ஊரா சுத்துறேன். இந்த அம்மா மாதிரி ஒருத்தரைப் பாத்ததில்ல. அந்த ரோட்டை மட்டும் யாரு போட்டாங்கன்னு சொல்லுங்க, நான் போய்ப் பேசறேன்" என்றார்.

கூட்டம் போனபின் ஹுவென்சியோ படிவங்களை மடித்துப் பையில் வைத்தார்.

"நெல்சி, இனிமே தினமும் உங்க ஊருக்கே போயிடலாமா?"

"தினமும் வேணாம் முதலாளி. வாரத்துக்கு ரெண்டு நாள். ஒரு நாளைக்கு இருபது பேருக்கு மேல கூடாது. கட்டணம் எவ்வளவுன்னு எங்க ஊர்க் கூட்டம் முடிவு பண்ணும். வர்றவங்களை நான்தான் கூட்டிட்டுப் போவேன்."

"எல்லாத்தையும் வர்ற வழியிலேயே யோசிச்சுட்டியா?"

"மூணு வருஷமா யோசிச்சது."

அவர் என்னைப் பார்த்தார். நான் வானத்தைப் பார்த்தேன். "சரி" என்றார்.

அவர் கார் தெருமுனை திரும்பும்வரை நெல்சி அசையாமல் நின்றாள். பிறகு அடையாள அட்டையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, நடைபாதையிலேயே, இருந்த இடத்திலேயே, மூன்று முறை எம்பிக் குதித்தாள். அட்டை பறந்து வந்து அவள் மூக்கில் அடித்தது. அதற்கும் சிரித்தாள்.

"அண்ணே, காலையிலேர்ந்து நான் ஒண்ணுமே சாப்பிடல. இப்பத்தான் ஞாபகம் வருது."

சந்தைக்கு எதிரே இருக்கிற கடைக்கு வண்டியை விட்டேன். வில்பெர்ட்டும் பிள்ளைகளும் அங்கே வந்துவிட்டார்கள். கடைக்காரர் வந்து என்ன வேண்டும் என்று கேட்டார். நெல்சி எல்லோருக்கும் சேர்த்து ஆர்டர் சொன்னாள், கடை முழுவதற்கும் கேட்கிற குரலில்.