உரித்த வாழைக்காயில் மீண்டும் தோல்

டிரினிடாட் மலையோரத்தில், பீப்பாய் மேளம் அடித்து நேரத்தை ஆளும் வித்தை கற்றுத்தரும் பள்ளியில் வெர்லின் என்பவள் சமையல்காரி. மாணவர் கைதவறி அபசுரம் அடித்தால் நேரம் கால் மணி பின்னால் போகும். உரித்த வாழைக்காயில் மறுபடி தோல் வந்துவிடும்.

"எந்தக் கட்டையில போறவன்டா அடிச்சது? திரும்பவும் நானா உரிக்கணும்?" என்று கரண்டியோடு பாய்வாள். அந்த ஏச்சுக்குப் பயந்தே பிள்ளைகள் கைதவறாமல் அடிக்கத் தேறிவிட்டார்கள்.

ஒருநாள் அவள் கணவன் கத்பர்ட் அடுப்படியில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தான். மூச்சில்லை. வகுப்புக்கு ஓடினாள்.

"கண்ணுங்களா, ஒரே ஒரு தடவை தப்பா அடிங்கடா! அவரு சாயறதுக்கு முன்னாடியே டாக்டர்கிட்ட தூக்கிட்டு ஓடிடறேன்!"

அடித்தார்கள். நேரம் அசையவில்லை.

"வேணும்னு அடிச்சா நடக்காதுக்கா," என்றான் ஒருவன். "தானா தவறணும்."

அப்படியாவது தவறட்டும் என்று பிள்ளைகள் வேகவேகமாக வாசித்தார்கள். கால் மணி கடந்தது. ஒரு கையும் தவறவில்லை.