தீவில் இறங்காத எழுத்தாளர்

இலக்கியத்தின் மேலிருந்த காதலால் நான் முதுகலை படிக்கப் போகவில்லை. எங்கள் மாதா கோயில் பெண்கள் குழுவிடமிருந்து தப்பிக்கத்தான் போனேன். சனிக்கிழமை வந்தால் போதும், யார் வீட்டு ஜெபக்கூட்டத்துக்கு யார் கேசரி கிண்டுவது என்று வாட்ஸ்அப்பில் சண்டை தொடங்கிவிடும். நான் கெப்பாலா பத்தாஸில் ஓர் இடைநிலைப்பள்ளியில் ஆங்கில ஆசிரியை. வாரம் முழுக்கப் பிறத்தியார் பிள்ளைகளிடம் தொண்டை கிழியக் கத்திவிட்டு, சனிக்கிழமை ரவை வறுக்க எனக்குத் தெம்பில்லை. ஆனால் "வகுப்பு இருக்கு" என்று சொன்னால் பாதிரியாரே வாயைத் திறக்க முடியாது. அப்படித்தான், தலைக்குச் சாயம் பூசும் வயதில், பாலத்துக்கு அந்தப் பக்கம் பினாங்குத் தீவிலிருந்த ஒரு கல்லூரியின் வார இறுதி வகுப்பில் சேர்ந்தேன்.

முதல் நாளே ஆளுக்கொரு நாவலாசிரியரை ஆய்வுக்கு எடுத்துக்கொள்ளச் சொல்லியிருந்தார் எங்கள் விரிவுரையாளர். ஈப்போவிலிருந்து வந்த சீனப் பெண்மணி. மெல்லிய குரல், கத்தி மாதிரி பார்வை. டாக்டர் என்றுதான் கூப்பிடுவோம். நான் பட்டர்வொர்த்திலிருந்து கிளம்பி, பாலத்தில் ஜாமில் மாட்டி, கார் நிறுத்த இடமில்லாமல் டவுனைச் சுற்றிச் சுற்றி வந்து உள்ளே நுழைந்தபோது, நல்ல எழுத்தாளர்கள் எல்லாரும் தீர்ந்துபோயிருந்தார்கள். கல்யாண வீட்டில் கடைசிப் பந்தியில் உட்கார்ந்தவள் நிலைமைதான். மிச்சமிருந்தவர் ஒருத்தர்.

"இவர் ரொம்ப முக்கியமானவர். நவீன நாவலுக்கே தூண் மாதிரி," என்றார் டாக்டர்.

"அப்புறம் ஏன் யாரும் எடுக்கல?"

"படிச்சுப் பாருங்க, தெரியும்."

படித்துப் பார்த்தேன், தெரிந்தது. நூறு வருஷத்துக்கு முன்னால் வாழ்ந்த ஐரோப்பியர். அவருடைய புகழ்பெற்ற நாவலில் ஒரு மனிதருக்குச் சாவு வீட்டில் குடை மாறிவிடுகிறது. மறுநாள் அதைத் திருப்பிக் கொடுக்கக் கிளம்புகிறார். அவ்வளவுதான் கதை. தலையணை கனத்துக்குப் புத்தகம். அதில் முதல் கால்வாசிக்கு அவர் வீட்டுப் படியைவிட்டே இறங்கவில்லை. படியில் நின்றபடி செத்துப்போனவரை நினைக்கிறார், சின்ன வயதில் பார்த்த நாயை நினைக்கிறார், கைப்பிடிச் சுவரின் சுண்ணாம்பை நினைக்கிறார்.

என் வீட்டுக்காரருக்கு மாக் மண்டினில் ஒரு பட்டறையில் வேலை. வாழ்க்கையில் அவர் படிக்கும் புத்தகம் மெஷின் மேனுவல் மட்டும்தான். ஆனால் சோறு தின்னும்போது தினமும் விசாரிப்பார்.

"கதையில என்ன ஆச்சு?"

"படியில நிக்கிறாரு."

ரெண்டு நாள் கழித்து, "இப்ப?"

"இன்னும் படியிலதான்."

"கால் வலிக்காதா லா அவனுக்கு?"

எனக்கும் அதே சந்தேகம்தான். ஆனால் நடுவில் ஓரிடம் வந்தது. அந்த மனிதர் ஒருவழியாகப் படியிறங்கி, குடைக்குச் சொந்தக்காரர் வீட்டு வாசலுக்குப் போய்விடுகிறார். உள்ளே மாடியில் யாரோ நாற்காலியை இழுக்கும் சத்தம். ஒரே ஒரு நாற்காலி. அந்தச் சத்தத்தை வைத்தே, உள்ளே இருப்பவர் தனி ஆள், மறுபக்க நாற்காலி இனி நகரப்போவதில்லை என்று இவருக்குப் புரிந்துவிடுகிறது. எங்கள் அடுக்குமாடியில் மேல்வீட்டுச் சீனப் பெரியவர், மனைவி போன பிறகு, அப்படித்தான் சாயங்காலம் நாற்காலியை இழுத்துப்போட்டு உட்காருவார். வருஷக்கணக்காக என் தலைக்கு மேலே கேட்ட சத்தம். அதை நான் கேட்டுக்கொண்டிருந்தேன் என்பதே இந்த ஆள் எழுதியதைப் படித்தபோதுதான் தெரிந்தது. புத்தகத்தை மூடி வைத்துவிட்டுப் போய்ப் பாத்திரம் கழுவினேன்.

இவ்வளவு நுணுக்கமாக மனிதரைக் கவனித்தவர் எப்படிப்பட்ட மகானாக இருந்திருப்பார் என்று அவருடைய வாழ்க்கை வரலாற்றை எடுத்தேன். அதை எழுதியவர் வெளிநாட்டுப் பேராசிரியை ஒருவர். அதுவும் தலையணைதான். அதில் பார்த்தால், மகான் மனைவியையும் பிள்ளைகளையும் மச்சினி வீட்டில் தள்ளிவிட்டு எழுதப் போயிருக்கிறார். வேண்டியபோது கூட்டிக்கொள்வார், சமையல் வாசனை யோசிக்கவிடவில்லை என்று திருப்பி அனுப்பிவிடுவார். கையெழுத்துப் பிரதி முழுக்கத் தட்டச்சு செய்து கொடுத்தது அந்த மனைவிதான். பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு தட்டியிருக்கிறாள் பாவம்.

வகுப்பில் குமுறினேன். டாக்டர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "வாழ்க்கையையும் படைப்பையும் பிரித்துப் பார்க்கணும்," என்றார்.

"பிரிக்கிறதுல அவருக்கு நம்ம உதவி தேவையில்ல, டாக்டர். குடும்பத்தையே பிரிச்சுட்டாரு."

டாக்டர் சிரிக்கவில்லை. ஆனால் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

இனிமேல்தான் வினை. அந்த வரலாற்றில் எழுத்தாளர் கிழக்கு நாடுகளுக்குக் கப்பலேறிய கதை ஒன்று வருகிறது. அதில் அரை வரி: கப்பல் பினாங்கில் ஒரு நாள் நின்றது, வயிற்றுக் கோளாறால் அவர் அறையைவிட்டு வெளியே வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாட்டில் இதைச் சிரித்துக்கொண்டே சொன்னேன். உலகமகா எழுத்தாளர் நம்ம ஊருக்கு வந்து கக்கூஸில் உட்கார்ந்துவிட்டுப் போயிருக்கிறார் என்று. மேசையில் என் கொழுந்தன் இருந்தான். அவன் டவுனில் டூரிஸ்ட் வேன் ஓட்டுகிறான். கோழிக்காலைக் கடித்துக்கொண்டே நிமிர்ந்தான்.

"பினாங்குக்கு வந்தாரா அண்ணி?"

"வந்தாரு, ஆனா இறங்கல."

'வந்தாரு' வரைக்கும்தான் அவன் காதில் விழுந்திருக்கிறது. கொஞ்ச நாள் கழித்து, லிட்டில் இந்தியாவுக்குப் பின்னாலிருக்கும் சந்தில் மசாலைத்தூள் வாங்கப் போனேன். பக்கத்தில் ஒரு பாய் நடத்தும் மாமாக் சாப்பாட்டுக் கடையில் வெள்ளைக்காரக் கூட்டம் ஒன்று நின்று படமெடுத்துக்கொண்டிருந்தது. நடுவில் என் கொழுந்தன். சுவரில் கண்ணாடிச் சட்டம் போட்ட புகைப்படம், நெஞ்சுவரை தாடி வைத்த ஒரு துரை. கீழே ஒரு வாசகம்: புகழ்பெற்ற எழுத்தாளர் உணவருந்திய இடம். எங்கள் எழுத்தாளருக்குத் தாடியே கிடையாது. மழமழவென்று, உரித்த முட்டை மாதிரி இருப்பார்.

கூட்டம் போன பிறகு அவனைப் பிடித்துக்கொண்டேன்.

"யாருடா இது?"

"கூகிள்ல எழுத்தாளர்னு அடிச்சேன் அண்ணி. இவருதான் கொஞ்சம் எழுத்தாளர் மாதிரி இருந்தாரு."

"அவரு கப்பலவிட்டே இறங்கலன்னு சொன்னேனா இல்லையா?"

"கப்பல் வந்துச்சு தானே? அவரு கப்பல்ல இருந்தாரு தானே? கப்பலுக்கும் கடைக்கும் நடந்தா பத்து நிமிசம் லா. இதுக்குப் போயி." பிறகு குரலைத் தணித்துக்கொண்டான். "பாய்க்கும் வியாபாரம் நல்லா போவுது அண்ணி. கெடுத்துடாதீங்க."

கல்லாவிலிருந்த பாய் எனக்கு தூக்கி ஆற்றிய பால் டீ, ஒரு தே தாரேக், கொடுத்து அனுப்பினார். குடித்தேன். லஞ்சம்தான், ஆனால் நல்ல நுரை.

அடுத்த பருவத்தில் டாக்டர் ஒரு சேதியோடு வந்தார். அந்தத் தலையணை வாழ்க்கை வரலாற்றை எழுதிய பேராசிரியை ஒரு கருத்தரங்குக்காகப் பினாங்கு வருகிறாராம். அவருடைய ஆளை ஆய்வு செய்யும் ஒரே மாணவி நான்தான் என்பதால், ஒரு காலைப்பொழுது டவுனைச் சுற்றிக் காட்டும் வேலை என் தலையில் விழுந்தது. வண்டியை ஹோட்டலே ஏற்பாடு செய்துவிட்டது என்றார்கள்.

ஹோட்டல் வாசலில் நின்றேன். பேராசிரியை வெள்ளைத் தலைமுடியும் பெரிய தொப்பியுமாக வந்தார். கையைப் பிடித்துக் குலுக்கி, இங்கே வெயில் நன்றாக இருக்கிறது என்றார். அவருக்குப் பின்னால் வேன் வந்து நின்றது. ஓட்டுநர் இருக்கையிலிருந்து என் கொழுந்தன் பல்லைக் காட்டினான்.

நான் முன்னிருக்கையில் ஏறிக்கொண்டு தமிழில் சொன்னேன். "தம்பி, இன்னைக்கு அந்தக் கடைக்கு வேணாம்."

"ஏன் அண்ணி? அதுதான் லா ஹைலைட்."

"சொன்னா கேளு."

"புரோகிராம்ல இருக்கு. போகலன்னா ஹோட்டல்ல கம்ப்ளேன் பண்ணிடுவாங்க."

பேராசிரியை பின்னாலிருந்து, தமிழ் கேட்க எவ்வளவு இனிமையாக இருக்கிறது என்று மெச்சினார்.

கடைக்குப் போனோம். சோற்றின் மேல் எல்லாக் குழம்பையும் ஊற்றிய நாசி கண்டார் வந்தது. கொழுந்தன் தாடிக்காரருக்குக் கீழே நின்று, கையைக் கட்டிக்கொண்டு, தன் ஆங்கிலத்தில் ஆரம்பித்தான். எழுத்தாளரின் பெயரை அவன் சொன்னதும் பேராசிரியையின் கரண்டி பாதியில் நின்றது. எழுத்தாளர் வந்த அன்றைக்கு வெள்ளிக்கிழமையாம். தொழுகை முடிந்து கடையில் கூட்டமாம். இந்த மேசையில்தான் உட்கார்ந்தாராம். மீன் தலைக் குழம்பு, கணவாய், எதையும் விடவில்லையாம். ஓரத்தில் பச்சை மிளகாய் வேறு.

"அவ்வளவும் தின்னதால வயிறு போச்சு. கப்பலுக்குத் தூக்கிட்டுத்தான் போனாங்க," என்று முடித்தான். பிறகு ஏதோ தோன்றியவனாக, தன் அண்ணனிடம் கேட்டு வைத்திருந்ததையும் சேர்த்துவிட்டான். "அதனாலதான் அவரு கதையில வர்ற ஆளு படியிலயே நிக்கிறாரு. நாசி கண்டார் தின்னுட்டு யாரால இறங்க முடியும்?"

பேராசிரியை அவனையே பார்த்துக்கொண்டிருந்தார். "இதையெல்லாம் எந்தப் புத்தகத்தில் படித்தீர்கள்?"

அவன் பெருமையோடு என்னைக் காட்டினான். "எங்க அண்ணி சொன்னதுதான். அவங்க மாஸ்டர்ஸ் பண்றாங்க."

தரை பிளந்தால் நன்றாக இருக்கும் என்று அதற்கு முன்னும் சில தடவை நினைத்ததுண்டு. அன்றைக்கு எந்த இடத்தில் பிளக்க வேண்டும் என்றுகூடப் பார்த்து வைத்தேன். அவன் தே தாரேக் சொல்லப் போன இடைவெளியில் உள்ளதைச் சொன்னேன். உங்கள் புத்தகத்தின் அரை வரி, எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசை, இவன் வேன், கூகிள் தாடி. அம்மாளுக்கு முதலில் தோள் குலுங்கியது. பிறகு தொப்பியைக் கழற்றி முகத்தை மூடிக்கொண்டு சிரித்தார். கண்ணீரைத் துடைத்தபின் தாடிக்காரரை நிமிர்ந்து பார்த்தார்.

"இவர் யாரென்று தெரியவில்லை. ஆனால் என் ஆளைவிட நல்லவராகத் தெரிகிறார்."

நான் மன்னிப்புக் கேட்கப் போனேன். அவர் தடுத்துவிட்டார்.

"ஒன்று சொல்லட்டுமா? கப்பல் இங்கே நின்றது நிஜம். அடுத்த துறைமுகத்தில் அவருக்கு வயிறு சரியில்லை என்பதும் நிஜம். இடையில் இங்கே என்ன நடந்தது என்று எனக்குத் தெரியாது. அறையிலேயே கிடந்திருப்பார் என்று நானாக எழுதிவிட்டேன். ஒருவேளை இறங்கியிருப்பார். ஒருவேளை இங்கேயே தின்றிருப்பார்."

"இதை மட்டும் அவன்கிட்ட சொல்லிடாதீங்க," என்றேன். அவர் சொல்லவில்லை. நானும் இன்றுவரை சொல்லவில்லை.

டீ வந்தது. அந்தத் துணிச்சலில் கேட்டேன், பாதி ஆயுளை இந்த மனிதருக்குக் கொடுத்திருக்கிறீர்களே, அவரைப் பிடிக்குமா என்று.

"பிடிக்காது," என்றார், யோசிக்காமலே. "அவர் மனைவியைத்தான் பிடிக்கும். அவளைப் பற்றித்தான் முதலில் எழுத நினைத்தேன். யார் வாங்குவார்கள் என்று பதிப்பகத்தில் கேட்டார்கள். புருஷனைப் பற்றி எழுதிக் கொடுத்தேன்."

அன்று பாலத்தில் திரும்பி வரும்போது எனக்கு ஒன்று உறைத்தது. எழுத்தாளர் எழுதியது எப்போதும் மாடியில் என்று அந்த வரலாற்றில் இருந்தது; மனைவி கூட இருந்த நாட்களில் கீழே தட்டச்சு செய்வாள். கீழே இருந்து மேலே நாற்காலி நகரும் சத்தத்தைக் கேட்டவள் அவள்தான். மாடியில் உட்கார்ந்திருந்தவருக்கு அந்தச் சத்தம் கீழே எப்படிக் கேட்கும் என்று எங்கிருந்து தெரிந்தது? யாரோ சொல்லியிருக்க வேண்டும், அல்லது தட்டச்சு செய்யும்போது யாரோ சேர்த்திருக்க வேண்டும். டாக்டரிடம் போய்ச் சொன்னேன்.

"ஆதாரம்?"

"இல்ல."

"அப்படின்னா ஆய்வேட்டில் அதைக் கேள்வியாக எழுதுங்கள், விடையாக எழுதாதீர்கள். நன்றாக எழுதுங்கள்."

அப்படியே எழுதினேன். பாதி ஆய்வேடு அவருக்கு, பாதி அவளுக்கு. வாய்மொழித் தேர்வில் வெளியூரிலிருந்து வந்த தேர்வாளர் தாளைப் புரட்டிவிட்டு, ஒரு பெரிய கலைஞனின் மேதைமையை இப்படிச் சமையலறைக்கு இழுத்து வருவது நியாயமா என்று கேட்டார். சமையல் வாசனை யோசிக்கவிடவில்லை என்று அந்தக் கலைஞர்தான் முதலில் சமையலறையைப் பேச்சுக்கு இழுத்தார், நான் அதன் கதவைத் திறந்தேன், அவ்வளவுதான் என்றேன். தேர்வாளர் ரொம்ப நேரம் எதையோ குறித்துக்கொண்டார். திருத்தங்களோடு தேர்ச்சி கொடுத்தார்கள். டாக்டர் தாழ்வாரத்தில் வந்து என் கையை அழுத்திவிட்டுப் போனார்.

கொழுந்தன் இப்போதும் அந்தக் கடையில் நிறுத்துகிறான். வெளிநாட்டுப் பேராசிரியையே நேரில் வந்து பார்த்து ஒப்புக்கொண்டார் என்று கதையில் ஒரு அத்தியாயம் கூடியிருக்கிறது. அவர் தொப்பியோடு தாடிக்காரர் பக்கத்தில் நிற்கும் படத்தையும் பாய் மாட்டிவிட்டார்.

போன மாதம், யாரும் கேட்காமலே, எழுத்தாளருடைய கடைசி நாவலை வரவழைத்தேன். எழுதிக்கொண்டிருக்கும்போதே இறந்துவிட்டாராம். மீன்பிடிக் கிராமத்துக்கு வரும் ஒரு மருத்துவச்சியின் கதை. நம்ப மாட்டீர்கள், இதில் ஆட்கள் நடக்கிறார்கள், பேசுகிறார்கள், அவள் ஒரு வீட்டுக் கதவைத் தட்டக்கூடத் தட்டுகிறாள். உள்ளே யார் என்று தெரிவதற்குள் வாக்கியம் பாதியில் நிற்கிறது, பிறகு வெற்றுத் தாள். என் வீட்டுக்காரர் பக்கத்திலிருந்து எட்டிப் பார்த்தார்.

"என்ன, மறுபடியும் நிக்கிறானா?"

"இல்ல. செத்துட்டாரு."

"பாவம்," என்றார் அவர். எனக்குப் பாவமாக இல்லை, கோபம்தான் வந்தது. இன்னும் ஒரு பக்கம் எழுதி முடித்துவிட்டுச் செத்திருக்கலாம்.